ஸ்கேன் செய்தாகிவிட்டது, இனி பிலிம் எதற்கு?

கேள்வி: "வரலாற்று ஆவணப்படம் எடுப்பவர்களுக்கு வேண்டியது படம்தானே? பழைய சுருள்களை 4கே தரத்தில் ஸ்கேன் செய்து வன்தட்டில் போட்டுவிட்டால் வேலை முடிந்தது. அதற்குப் பிறகும் பிலிமைக் குளிர்சாதன அறையில் வைத்து மின்கட்டணம் கட்டுவது வெறும் பழம்பெருமை. மறுப்பவர்கள் காரணம் சொல்லட்டும்."

பிப்ரவரி 4

சொல்கிறேன்.

1000 அடி 35 மி.மீ. சுருள் ஒன்றில் 16,000 ஃபிரேம்கள். ஓடினால் 11 நிமிடம். ஒழுங்காக 4கே ஸ்கேன் எடுத்தால், சுருக்காமல், ஒரு ஃபிரேம் ஏறக்குறைய 50 எம்.பி. அப்படியானால் இந்தப் பதினோரு நிமிடம் 800 ஜி.பி. இரண்டு பிரதி வைக்க வேண்டும். ஒன்று வேறு ஊரில் இருக்க வேண்டும். வன்தட்டை அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டு ஏழெட்டு ஆண்டு கழித்துச் சொருகினால் கிர் கிர் என்று ஒரு சத்தம் வரும், படம் வராது. சரி, பெரிய நிறுவனங்கள் பயன்படுத்தும் எல்டிஓ நாடாவுக்குப் போகலாம் என்றால், அதில் 8-ஆம் தலைமுறைக் கருவி 6-ஆம் தலைமுறை நாடாவைப் படிக்காது. சில ஆண்டுகளுக்கு ஒருமுறை எல்லாவற்றையும் புதிய நாடாவுக்கு மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். இதற்கு ஆகும் செலவு கேள்வி கேட்டவரின் மின்கட்டணக் கணக்கில் இல்லை.

பிலிமுக்கு வேண்டியது குளிர்ச்சியும் வறட்சியும். வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தால் கண்ணுக்கே படம் தெரியும். எந்த மென்பொருளும் வேண்டாம்.

பிப்ரவரி 4, இரவு

"அப்படியானால் எங்கள் வீட்டுப் பரணில் அறுபது வருடமாக இருக்கும் பிலிமுக்கு ஒன்றும் ஆகாதா?" என்று ஒருவர். ஆகும் ஐயா. நான் குளிர்ச்சி, வறட்சி என்று எழுதினேன். நீங்கள் பரண் என்கிறீர்கள். ஓட்டுக்கூரைக்குக் கீழே, மே மாதத்தில், சென்னையில்.

டப்பாவைத் திறந்ததும் ஊறுகாய்க் கடை வாடை அடித்தால், அசிடேட் அடித்தளம், அதாவது படத்தைத் தாங்கும் பிளாஸ்டிக், சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். வெளிவருவது அசிட்டிக் அமிலம். வினிகரில் இருப்பதும் அதுதான். அமிலம் சிதைவை வேகப்படுத்தும், சிதைவு மேலும் அமிலத்தைத் தரும். பக்கத்து டப்பாவையும் விடாது. பிலிம் சுருங்கும், சுருள் நெளியும், கடைசியில் படம் பதிந்திருக்கும் பூச்சான எமல்ஷன் அடித்தளத்தை விட்டு உரியும்.

இதில் நமக்கு ஒரு முதலிடம் உண்டு. அசிடேட்டில் ஒரு வகையான ட்ரைஅசிடேட் பிலிம் 1948-இல் வந்தது. பத்தாண்டுக்குள் கோடாக் நிறுவனத்துக்கு முதல் சிதைவுப் புகார் போனது இந்திய அரசிடமிருந்துதான். வெப்பமும் ஈரமும் நம் ஊர்ச் சரக்கு.

நீலத்திலிருந்து பச்சைக்கும் மஞ்சளுக்கும் மாறும் சோதனைத்தாள் கிடைக்கிறது. டப்பாவுக்குள் போட்டு மூடி வைத்தால் எவ்வளவு அமிலம் என்று நிறம் சொல்லிவிடும். மஞ்சள் என்றால் அந்தச் சுருளைத் தனியே பிரித்து வையுங்கள், முதலில் ஸ்கேன் எடுங்கள். ஆம், ஸ்கேன் எடுங்கள். ஸ்கேன் கூடாது என்று நான் எங்கும் சொல்லவில்லை. எடுத்த பிறகு தூக்கி எறியாதீர்கள் என்றுதான் சொல்கிறேன்.

பிப்ரவரி 7

"ரசாயனம் போதும், வரலாற்றுக்கு வாருங்கள்" என்று கேட்டிருக்கிறார்கள். நியாயம். பயண எழுத்தாளர் ஏ.கே. செட்டியாரிடம் போவோம்.

1937 அக்டோபர் 2, காந்தி பிறந்தநாள். நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போகும் கப்பலில் இருந்த செட்டியாருக்குக் காந்தியைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க வேண்டும் என்று தோன்றியது. கோட்டையூர்க்காரர், இருபத்தைந்து வயது. புதிதாகப் படம்பிடிப்பதைவிட, ஏற்கெனவே உலகெங்கும் யார் யாரோ எடுத்துவைத்திருந்ததைத் தேடிச் சேர்ப்பதுதான் அவருடைய பெரிய வேலையாக இருந்தது. 30 ஆண்டுகளில் 100 ஒளிப்பதிவாளர்கள் எடுத்த படங்கள், 50,000 அடி. 1940 ஆகஸ்டில் படம் தமிழில் வெளியானபோது அதன் நீளம் 12,000 அடி.

கணக்குப் போட்டுப் பாருங்கள். நிமிடத்துக்கு 90 அடி என்றால் 50,000 அடி ஒன்பதே கால் மணி நேரம். வெளிவந்தது இரண்டே கால் மணி நேரம். மிச்சம் ஏழு மணி நேரம்.

அந்த ஏழு மணி நேரத்தைத்தான் எனக்குப் பார்க்க வேண்டும். வெட்டி விடப்பட்டவற்றில் காந்தி இல்லாத ஃபிரேம்கள் இருந்திருக்கும்: கூட்டத்தின் ஓரத்தில் நின்றவர்கள், மேடை கட்டியவர்கள், ஒளிப்பதிவாளர் கருவியைச் சரிபார்க்க எடுத்த வெற்றுத் தெரு. 1940-இல் அவை வேண்டாதவை. இன்று ஒரு வரலாற்று மாணவருக்கு அவைதான் சோறு.

சரி, அந்த இரண்டே கால் மணி நேரமாவது மிஞ்சியதா? 1940-ஆம் ஆண்டின் தமிழ்ப் பிரதி கைக்கு எட்டவில்லை. 1953-இல் அமெரிக்காவில் ஆங்கில விவரணையோடு ஒரு சுருக்கப்பட்ட வடிவம் வெளியானது. அதன் பிரதி ஒன்று சான்பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் இருப்பதைப் பல பத்தாண்டுகளுக்குப் பிறகு வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி தேடிக் கண்டுபிடித்தார். செட்டியார் இந்தப் பயணத்தைப் பற்றி எழுதியதையும் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்று வேங்கடாசலபதியே பதிப்பித்திருக்கிறார். வாங்கிப் படியுங்கள். ஓர் அடி பிலிமுக்காக எத்தனை வாசலில் ஒருவர் நிற்க வேண்டியிருந்தது என்று தெரியும்.

தமிழர் ஒருவர் தமிழில் எடுத்த படத்தின் மிச்சம் ஆங்கிலத்தில், கலிபோர்னியாவில். எழுத்துக்கும் இதே கதைதான் என்று ஒருவர் பெருமூச்சு விட்டிருக்கிறார். ஓலையைக் கறையான் தின்றது. பிலிமை நாமே வெட்டினோம். இரண்டும் ஒன்றா?

பிப்ரவரி 8

"அந்தக் காலப் படங்களில் காந்தி ஏன் ஓடுகிறார்?"

அவர் வேகமாக நடப்பவர்தான், உடன் நடந்தவர்கள் மூச்சு வாங்கினார்கள் என்று எல்லோரும் எழுதியிருக்கிறார்கள். ஆனால் நீங்கள் பார்ப்பது அந்த வேகம் இல்லை. மௌனப்படக் கருவியில் நொடிக்கு 16 அல்லது 18 ஃபிரேம் என்று எடுத்ததை 24 ஃபிரேமில் ஓட்டுகிறார்கள். நடை ஒன்றரை மடங்கு ஆகிவிடும். இதைச் சரிக்கட்ட, அச்செடுக்கும்போது இரண்டு ஃபிரேமுக்கு ஒன்றை இருமுறை போடுவார்கள். நடை சரியாகும், கூடவே ஒரு திக்கல் வரும். பழைய ஆவணப்படங்களில் கைகள் விட்டுவிட்டு அசைவது அதனால்தான்.

இப்போது கவனியுங்கள்: ஏற்கெனவே திக்கல் சேர்த்து அச்செடுத்த ஓர் ஆவணப்படத்திலிருந்து இன்னொருவர் காட்சியை எடுக்கிறார். அதை வீடியோவுக்கு மாற்றும்போது வேறொரு திக்கல் சேர்கிறது. மூன்றாமவர் யூடியூபிலிருந்து எடுக்கிறார். எது காந்தி நடந்தது, எது அச்சகத்தில் நடந்தது என்று பிரிக்க முதல் சுருளைத் தவிர வேறு வழி கிடையாது.

பிப்ரவரி 12

சொந்த அனுபவம் ஒன்று. கொஞ்சம் நீளம்.

சில ஆண்டுகளுக்கு முன் ஓர் ஆவணப்படத்துக்குக் காட்சி தேடும் வேலையில் இருந்தேன். மயிலாப்பூரில் ஒரு வீடு. தாத்தா எடுத்த 16 மி.மீ. சுருள்கள். பேரன் நல்ல பையன், பொறுப்பாக எல்லாவற்றையும் ஸ்கேன் செய்யக் கொடுத்திருந்தார். ஸ்கேன் செய்த நிலையத்தார் (பெயர் வேண்டாம்) சுருள்களைப் புத்தம்புதிய பிளாஸ்டிக் டப்பாக்களில் போட்டு, ஒன்று, இரண்டு, மூன்று என்று எண் ஒட்டித் திருப்பித் தந்துவிட்டார்கள். பழைய தகர டப்பாக்கள் எங்கே? துருப்பிடித்திருந்தன, எறிந்துவிட்டோம் என்றார்கள். வீட்டு அம்மாவுக்கு மட்டும் நினைவிருந்தது: மூடிக்கு உள்பக்கம் மாமனார் பென்சிலால் ஏதோ எழுதி ஒட்டியிருப்பார்.

அந்த ஏதோதான் எங்களுக்கு வேண்டியிருந்தது.

ஸ்கேனில் ஒரு தெரு, ஒரு சாமி ஊர்வலம், குடை, தீவட்டி, பின்னால் மெல்லப் போகும் டிராம். தெளிவாக, அழகாக இருந்தது. தாத்தா ஐம்பதுகளின் கடைசியில்தான் படம் எடுத்தார் என்று வீட்டில் சொன்னார்கள். இயக்குநர் "சென்னை, 1958" என்று எழுத்துப் போட ஆயத்தமாகிவிட்டார். நான்தான் டிராமைப் பார்த்து முரண்டு பிடித்தேன். சென்னையில் டிராம் 1953-இல் நின்றுவிட்டது.

சுருளைக் கேட்டு வாங்கினேன். கையுறை போட்டு, இரண்டு கைச்சுழற்றிகளுக்கு நடுவில் ஒளிப்பெட்டியை வைத்து மெதுவாக ஓட்டினேன். படத்தைப் பார்க்கவில்லை. ஓரத்தைப் பார்த்தேன், துளைகளுக்கு வெளியே, விரல்நகம் அகலம்கூட இல்லாத அந்த விளிம்பை. உருப்பெருக்கியில் கோடாக் என்ற எழுத்துக்குப் பக்கத்தில் ஒரு சின்ன முக்கோணம் வந்தது. கொஞ்ச தூரம் தள்ளி மறுபடி அதே முக்கோணம். கோடாக் ஒவ்வோர் ஆண்டுத் தயாரிப்புக்கும் ஒரு குறி வைத்தது. வட்டம், சதுரம், முக்கோணம், பிறகு அவற்றின் சேர்க்கைகள். இருபது ஆண்டுக்கு ஒருமுறை அதே வரிசை திரும்பும். முக்கோணம் என்றால் 1938, இல்லாவிட்டால் 1958. டிராம் 1958-ஐ அடித்துவிட்டது.

இப்போது ஸ்கேனுக்கு வருவோம். நிலையத்தார் படச்சட்டத்தோடு வெட்டி ஸ்கேன் எடுத்திருந்தார்கள். விளிம்பு அதில் இல்லவே இல்லை. 4கே இருந்தது, முக்கோணம் இல்லை. பேரன் பிலிமையும் எறிந்திருந்தால் அந்த ஊர்வலம் நிரந்தரமாக 1958-இல் போய்க்கொண்டிருக்கும்.

ஸ்கேன் கொடுப்பவர்கள் கேட்க வேண்டியது ஒன்றே: ஓரத்திலிருந்து ஓரம் வரை, துளைகளும் தெரிய எடுங்கள். நல்ல நிலையங்கள் செய்து தருவார்கள். டப்பாவையும் முன்பின் படமெடுத்து வையுங்கள்.

பிப்ரவரி 13

"1938-இல் செய்த பிலிமை 1946-இல் எடுத்திருக்கலாமே? போர்க்காலத்தில் பிலிமுக்குத் தட்டுப்பாடு, பழைய சரக்கைத்தான் ஓட்டியிருப்பார்கள்." சபாஷ். குறி சொல்வது பிலிம் பிறந்த ஆண்டை, படம் எடுத்த நாளை இல்லை. எனவேதான் அந்தக் காட்சிக்கு நாங்கள் கொடுத்த விவரம் "சென்னை, 1938-க்கும் 1953-க்கும் இடையில்". இயக்குநருக்குப் பிடிக்கவில்லை. திரையில் ஒற்றை ஆண்டு போட்டால்தான் கம்பீரமாக இருக்குமாம்.

இன்னொரு நண்பர், அது எளிதில் தீப்பற்றும் பழைய வகைப் பிலிமான நைட்ரேட்டா என்று பார்த்திருந்தால் காலம் தெரிந்திருக்குமே என்கிறார். தெரிந்திருக்காது. 16 மி.மீ. 1923-இல் வீட்டு உபயோகத்துக்காக வந்தது; தொடக்கம் முதலே தீப்பற்றாத பாதுகாப்புப் பிலிம்தான். நைட்ரேட் சந்தேகம் 35 மி.மீ.க்கு.

பிப்ரவரி 19

நைட்ரேட் பேச்சு வந்துவிட்டதால் ஓர் எச்சரிக்கை. உங்களிடம் 1950-க்கு முந்தைய 35 மி.மீ. சுருள் இருந்தால், துண்டு வெட்டித் தீக்குச்சி காட்டிச் சோதிக்கும் 'நிபுணர்' யாரையும் வீட்டுக்குள் விடாதீர்கள். நைட்ரேட் எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே தந்துகொள்ளும். தண்ணீருக்குள்ளும் எரியும். விளிம்பில் 'நைட்ரேட்' அல்லது 'சேஃப்டி' என்ற ஆங்கில எழுத்தைத் தேடுங்கள். அதிலும் ஒரு சிக்கல் உண்டு: நைட்ரேட் நெகட்டிவிலிருந்து பாதுகாப்புப் பிலிமில் அச்செடுத்தால் நெகட்டிவின் விளிம்பெழுத்தும் சேர்ந்து விழும். ஒரே விளிம்பில் இரண்டு சொற்களும் இருக்கும்.

2003 ஜனவரி 8 அன்று புனே திரைப்படக் கல்லூரி வளாகத்தில் இருந்த நைட்ரேட் கிடங்கு எரிந்தது. இந்திய சினிமாவின் தொடக்ககாலச் சுருள்கள் போயின. அந்தச் செய்தியைப் படித்துவிட்டு, பிலிமே ஆபத்து, ஸ்கேன் எடுத்து அழித்துவிடலாம் என்று பேசியவர்கள் உண்டு. எனக்கு அதில் தெரிவது வேறு. இப்படிப்பட்ட பொருளைச் சின்னச் சின்ன அறைகளாகப் பிரித்து, ஓர் அறையின் தீ அடுத்ததற்குப் போகாதபடி, குளிரில் வைக்க வேண்டும் என்பது உலகம் அறிந்த முறை. அது செலவு பிடிக்கும் முறை.

குளிருக்கு ஒரு கதை. கனடாவின் வடமேற்கில் டாசன் நகரம். தங்கவேட்டை ஊர். படங்கள் ஓடி ஓடி கடைசியாக அங்கே வந்து சேரும். திருப்பி அனுப்பினால் வண்டிச்செலவு அதிகம் என்று விநியோகஸ்தர்கள் அங்கேயே விட்டுவிட்டார்கள். 1929-இல் ஒரு நீச்சல்குளத்தை மூடி மேடாக்க அந்தச் சுருள்களைக் கொட்டி மண் போட்டார்கள். 1978-இல் தோண்டியபோது 500-க்கும் மேற்பட்ட சுருள்கள் கிடைத்தன. உறைமண் காப்பாற்றியது. வேறு எங்கும் இல்லாத செய்திப்படங்கள் அதில் இருந்தன. 1919-ஆம் ஆண்டு அமெரிக்க பேஸ்பால் இறுதித் தொடரின் காட்சியும் ஒன்று. ஓரங்களில் தண்ணீர் இறங்கிய வெளுப்பு மட்டும் அலையலையாக ஆடும்.

குப்பையாகக் கொட்டியதற்கே அந்தக் குளிர் அரை நூற்றாண்டு கொடுத்திருக்கிறது.

பிப்ரவரி 20

இல்லை, வீட்டு ஃபிரிட்ஜில் இட்லி மாவுக்குப் பக்கத்தில் வைக்கலாமா என்று கேட்டவருக்கு: ஈரம் புகாதபடி இரட்டைப் பையில் அடைத்தால் வைக்கலாம், விளையாட்டுக்குச் சொல்லவில்லை. வெளியே எடுத்தால் பையைப் பிரிக்காமல் ஒரு நாள் அறைச்சூட்டுக்கு வரவிடுங்கள், இல்லாவிட்டால் வியர்க்கும். ரசகற்பூரம், அந்துருண்டை எதுவும் டப்பாவுக்குள் போட வேண்டாம். மாவை வேறு தட்டுக்கு மாற்றிவிடுங்கள்.

மார்ச் 2

செட்டியார் பற்றி எழுதியதை மறுபடி படித்தேன். "நாமே வெட்டினோம்" என்ற வரி உறுத்துகிறது. வெட்டாமல் இருந்தால் அது படமாகியிருக்காது. படமாகாமல் இருந்தால் அந்த 50,000 அடியை யார் தேடியிருப்பார்கள்? நூறு பேருடைய அலமாரிகளில் நூறு விதமாக மக்கியிருக்கும். ஆவணப்படக்காரர்தான் சுருளுக்கு வாழ்வு கொடுக்கிறார். அதே ஆள்தான் கத்தரியும் வைத்திருக்கிறார்.

ஆனாலும் ஒரு வேறுபாடு உண்டு. மூல நெகட்டிவை வெட்டுவது ஒன்று, அதிலிருந்து ஒரு நகல் எடுத்து அதை வெட்டுவது இன்னொன்று. நகல் எடுக்கக் காசு வேண்டும். அந்தக் காலத்தில் யாரிடம் இருந்தது என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை. இந்தக் காலத்தில் காசு இருந்தும் செய்யாதவர்களைத்தான் நான் திட்டுவேன்.

வெட்டாமல் வைத்ததன் பயனுக்கு ஓர் எடுத்துக்காட்டு: சோம் போர் பற்றிய 1916-ஆம் ஆண்டு பிரிட்டிஷ் படம். வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாய்கிறார்கள், ஒருவர் ஏறும்போதே சரிந்து விழுகிறார். முதல் உலகப்போர் பற்றி வந்த எண்ணற்ற ஆவணப்படங்களில் அந்தச் சில நொடிகள் உண்மைப் போராக ஓடியிருக்கின்றன. அது போர்முனைக்குப் பின்னால் நடித்துக் காட்டி எடுத்தது. லண்டன் போர் அருங்காட்சியகத்தில் முழுப்படத்தையும் வைத்து ஆள், உடை, மண், முள்வேலி என்று ஒவ்வொன்றாகப் பார்த்துத்தான் இதை நிறுவினார்கள். துண்டுகளாக மட்டும் மிஞ்சியிருந்தால் அந்த நொடிகளை யாரும் அசைத்திருக்க முடியாது. படத்தின் மற்ற பகுதிகள், காயம்பட்டவர்களைச் சுமந்து வருவது உட்பட, பெரும்பாலும் உண்மையானவை. யுனெஸ்கோவின் உலக நினைவுப் பட்டியலிலும் 2005-இல் சேர்ந்தது. பொய்க்காட்சி இருக்கிறது என்று தெரிந்தும் சேர்த்தார்கள், சரியாகத்தான் செய்தார்கள்.

மார்ச் 3

செயற்கை நுண்ணறிவு வந்துவிட்டது, கீறலை நீக்கி, நிறமேற்றி, நொடிக்கு 60 ஃபிரேம் ஆக்கிவிடலாம் என்று இணைப்போடு வந்திருக்கிறார் ஒருவர். பார்த்தேன். 16 ஃபிரேம் அறுபது ஆகிறது என்றால் நாற்பத்து நான்கு ஃபிரேம்கள் கருவியின் கற்பனை. கூட்டத்தில் பின்வரிசை முகங்களை நிறுத்திப் பாருங்கள், கண்கள் ஒழுங்காக இருக்கின்றன, ஆனால் அவை யாருடைய கண்களும் இல்லை. பீட்டர் ஜாக்சன் 2018-இல் முதல் உலகப்போர்க் காட்சிகளுக்கு நிறமும் வேகமும் கொடுத்தபோது, அருங்காட்சியகத்தில் கறுப்பு வெள்ளை மூலம் பத்திரமாக இருந்தது. யார் வேண்டுமானாலும் ஒப்பிட்டுப் பார்க்கலாம். நம் ஊரில் மூலம் காணாமல் போன பிறகு மெருகேற்றியது மட்டும் கையில் நிற்கும். எனக்குக் கோபம் தொழில்நுட்பத்தின் மேல் இல்லை. "மீட்டெடுக்கப்பட்டது" என்று தலைப்புப் போடுகிறார்களே, அதன் மேல்.

மார்ச் 15

கடைசியாக, உரிமை பற்றிக் கேட்டவருக்கு. இந்தியச் சட்டப்படி திரைப்படத்துக்குப் பதிப்புரிமை, வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள். 1964 முடிய வெளியானவை 2025 தொடக்கத்திலேயே பொதுவுடைமை ஆகிவிட்டன. ஆனால் உரிமை வேறு, கையில் கிடைப்பது வேறு. பிரதியை வைத்திருப்பவர் பார்ப்பதற்கும் நகல் எடுப்பதற்கும் கட்டணம் கேட்கலாம், கேட்பார். கொடுத்துவிடுங்கள், டப்பாவைக் குளிரில் வைத்திருந்ததற்கான கூலி என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

வெளியிடப்படாத சுருள்கள்தான் சிக்கல். கணக்கு வெளியான ஆண்டிலிருந்து தொடங்குவதால், மயிலாப்பூர்த் தாத்தாவின் ஊர்வலம் போன்றவற்றுக்குக் கடிகாரம் ஓடவே தொடங்கவில்லை என்று வாதிட இடமுண்டு. ஆகவே குடும்பத்தாரிடம் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். வாங்கும் அதே தாளில், காட்சியில் யார் யார், எந்தத் தெரு, கருவி யாருடையது என்று அவர்களுக்குத் தெரிந்ததையும் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். வீட்டில் வயதில் மூத்தவரை முதலில் கேளுங்கள். பேரனை அடுத்த மாதம் கேட்டுக்கொள்ளலாம்.